பெட்டிக்குள் ஒரு மைதானம்

பஞ்சாங்கத்தில் ஊருக்கு ஒரு பதிப்பு உண்டு. தினசரியில் மதுரைப் பதிப்பு, கோயமுத்தூர்ப் பதிப்பு என்று உண்டு. காப்பிப் பொடி விற்கிறவர்கூட, "இந்த ஊர்க்காரர்களுக்குச் சிக்கரி கொஞ்சம் தூக்கலாக இருக்க வேண்டும்" என்று கணக்குப் பண்ணித்தான் கலக்கிறார். நம் வீட்டுப் பிள்ளைகள் டெலிவிஷன் முன்னால் சப்பணம் போட்டு உட்கார்ந்துகொண்டு விரலாலேயே கால்பந்து ஆடுகிறார்களே, அந்த வீடியோ விளையாட்டிலும் இப்படி ஊர்ப் பதிப்புகள் உண்டு. அது மட்டுமல்ல. அப்படி வெளிவந்தவற்றில் பலவற்றை இன்றைக்குக் கேட்பாரில்லை. நான் சொல்ல வந்தது அந்தக் கேட்பாரற்ற பதிப்புகளைப் பற்றித்தான். அதைச் சொல்லப் போய் மஞ்சக்குப்பத்துக்கு வந்து சேர்ந்தால் என்னை மன்னிக்க வேண்டும். வழி அப்படி.

முதலில் ஜப்பானுக்குப் போவோம். அங்கே 1993-ல் 'ஜே-லீக்' என்று தொழில்முறைக் கால்பந்துப் போட்டியை ஆரம்பித்தார்கள். ஊரே அதில் மூழ்கிப் போயிற்று. சும்மா இருப்பார்களா வியாபாரிகள்? கொனாமி என்ற கம்பெனி 1995-ல் அந்த ஜே-லீக் குழுக்களை அப்படியே வைத்து 'வின்னிங் இலெவன்' என்று பிளேஸ்டேஷன் பெட்டிக்கு ஒரு விளையாட்டைப் போட்டது. சுத்த உள்ளூர்ச் சரக்கு. ஜப்பானுக்கு வெளியே அந்தக் குழுக்களின் பெயர் யாருக்குத் தெரியும்? மறு வருஷம்தான் தேச அணிகளை வைத்து உலகத்துக்கு என்று இன்னொன்று செய்தார்கள். அந்த உலகப் பதிப்புதான் பிற்பாடு 'புரோ எவல்யூஷன் சாக்கர்' என்ற பெயரில் தேசம் தேசமாகப் போயிற்று. எங்கேயும் உலகப் பதிப்பிலிருந்து ஊர்ப் பதிப்பு பிறக்கும். இங்கே ஊர்ப் பதிப்பு தாய், உலகப் பதிப்பு மகள்!

மகள் பணக்கார இடத்தில் வாழ்க்கைப்பட்டுவிட்டால் தாயின் கதை என்ன ஆகும் என்பது நமக்குத் தெரியாததா? ஜே-லீக் பதிப்பு விட்டு விட்டு வந்துகொண்டிருந்தது. 2010-ல் ஒன்று வந்தது, அத்தோடு தனிப் பதிப்பு நின்றுவிட்டது. 'வின்னிங் இலெவன்' என்று சொன்னால் தெரிந்துகொள்கிற பையன்களில்கூட, அது ஜப்பானியர் தங்கள் உள்ளூர்க் குழுக்களுக்காகச் செய்துகொண்ட விளையாட்டு என்று அறிந்தவர்கள் அபூர்வம்.

கொரியாவின் கதை வேறு தினுசு. இந்த வியாபாரத்தில் பெரிய கை, அமெரிக்காவின் எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸ் கம்பெனி. 1993 முதல் 'ஃபிஃபா' என்ற பெயரில் வருஷம் தவறாமல் ஒரு கால்பந்து விளையாட்டை விற்றுக்கொண்டு வந்தது. தென் கொரியாவில் மட்டும் இந்தச் சரக்குக்கு வேறு வழி பார்க்க வேண்டியிருந்தது. அங்கே இளைஞர்கள் வீட்டில் பெட்டி வாங்கி வைத்து ஆடுகிற வழக்கம் குறைவு. தெருவுக்குத் தெரு கம்ப்யூட்டர் வாடகைக் கடைகள் இருக்கின்றன. மணிக்கு இவ்வளவு என்று கொடுத்துவிட்டு அங்கேயே உட்கார்ந்து ஆடுவார்கள். ஆகவே 2006-ல், உலகக் கோப்பை நடந்த வருஷத்தில், நியோவிஸ் என்ற கொரியக் கம்பெனியோடு கூட்டுச் சேர்ந்து 'ஃபிஃபா ஆன்லைன்' என்று ஒன்றை இறக்கினார்கள். ஆட்டம் இலவசம். உள்ளே வந்த பிறகு, வேண்டிய சின்னச் சின்னச் சாமான்களுக்குக் காசு!

எங்கோ கேட்ட மாதிரி இருக்கிறதல்லவா? கையில் போனைக் கொடுத்துவிட்டு, மாதக் கடைசியில் பாங்குக் கணக்கைப் பார்த்துத் தலையில் கை வைத்துக்கொள்கிற தகப்பனார்களுக்கு இந்தச் சூட்சுமம் நன்றாகப் புரியும். 'உள்ளே வா, பிறகு பார்த்துக்கொள்ளலாம்' என்ற அந்த வித்தையை அந்தக் கம்பெனி கொரியக் கடைத்தெருவிலே நன்றாகப் பழகிக்கொண்டது. 2007-ல் இரண்டாவது ஆன்லைன் பதிப்பு வந்தது. சிங்கப்பூர், மலேசியாப் பக்கத்துக்கும் அதில் ஒரு பிரதி போயிற்று. நம் ஜனங்களும் அங்கே ஆடியிருப்பார்கள். 2013-ல் கொரியாவில் அதை மூடினார்கள். நெக்ஸான் என்ற வேறு கம்பெனி நடத்திய மூன்றாவது பதிப்பு 2018-ல் நான்காவதற்கு இடம் கொடுத்து ஒதுங்கிற்று.

'மூடினார்கள்' என்று சாதாரணமாக எழுதிவிட்டேன். கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டிய வார்த்தை அது. பழைய தீபாவளி மலரைப் பரணில் போட்டு வைத்தால் இருபது வருஷம் கழித்தும் எடுத்துப் படிக்கலாம். கரையான் அரித்தது போக மிச்சமாவது இருக்கும். பிளேஸ்டேஷன் சிடியும் அப்படித்தான், பெட்டி ஓடுகிற வரைக்கும் ஓடும். ஆன்லைன் விளையாட்டுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. அதன் உயிர் கம்பெனிக்காரனின் கம்ப்யூட்டரில் இருக்கிறது. அவன் ஸ்விட்சை அணைத்தால் லட்சக் கணக்கான பேர் ஆடிய மைதானம் அந்த நிமிஷமே இல்லை. பொழுது விடிந்து பார்த்தால், ஐந்து வருஷம் பார்த்துப் பார்த்துச் சேர்த்த குழு, ஆட்டக்காரர்கள், சட்டை நிறம் எல்லாம் காற்றோடு போயிருக்கும். கடைசி நாளன்று ஆடியவர்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்த்தேன். குடியிருந்த வீட்டை இடிப்பதைத் தெருவில் நின்று பார்க்கிற மாதிரி இருந்திருக்கலாம்.

சரி, நமக்கு என்று ஊர்ப் பதிப்பு உண்டா? தனியாக ஒரு கால்பந்து விளையாட்டை நமக்காக எந்தப் பெரிய கம்பெனியும் செய்ததாக நான் அறியேன். கபடியும் கில்லியும் பட்டமும் வைத்து 'தேசி அட்டா' என்று ஒன்றை ஹைதராபாத்துக் கம்பெனி ஒன்று 2009-ல் சோனிக்காகச் செய்து கொடுத்தது. இன்று அதுவும் மறந்து போன கணக்குதான். கிரிக்கெட்டில் எலெக்ட்ரானிக் ஆர்ட்ஸின் கடைசி விளையாட்டு 'கிரிக்கெட் 07'. அதற்குப் பிறகு கம்பெனி கைகழுவிவிட்டாலும் நம் பையன்கள் விடவில்லை. ஐ.பி.எல். குழுக்களையும் புதிய சட்டைகளையும் தாங்களே செய்து, பழைய விளையாட்டுக்குள்ளே ஒட்டுப் போட்டு, வருஷக் கணக்கில் ஓட்டினார்கள். கிழிந்த புடவையை ஒட்டுப் போட்டு உடுத்துவது நம் பாட்டிமார் கலை. பேரன்மார் அதைக் கம்ப்யூட்டரில் செய்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

கால்பந்தில் நம் முறை 2021-ல் வந்தது. அந்த வருஷம் வெளியான 'ஃபிஃபா 22' விளையாட்டில் முதல் தடவையாக இந்தியன் சூப்பர் லீகை, அதன் 11 குழுக்களோடு சேர்த்தார்கள். நம் சென்னையின் எஃப்.சி.யும் உண்டு. அதே நீலச் சட்டை! ஒவ்வொரு ஆட்டக்காரருக்கும் ஒரு சீட்டு. அதில் வேகம், கோலடி, பந்து கொடுப்பது, பந்தை உருட்டிப் போவது, தடுப்பது, உடல் வலு என்று ஆறு தலைப்பில் மார்க்கு. நூற்றுக்கு நூறு யாருக்கும் கிடையாது, 99-தான் உச்சம்.

இந்த மார்க்குச் சமாசாரத்தை நான் மஞ்சக்குப்பத்து அத்தைக்கு விளக்கிச் சொன்னபோது அவள் கேட்டாள்:

"ஏம்ப்பா, நல்லா ஆடுறவனை ஆடவிட்டுப் பார்த்தா தெரியாதா? பொண்ணு பார்க்க வந்தவங்க மாதிரி மூக்குக்கு இவ்வளவு, முடிக்கு இவ்வளவுன்னு மார்க்குப் போடுவானா?"

"அப்படித்தான் அத்தை."

"நம்ம ஊர்ப் பொண்ணுங்களுக்கு எவ்வளவு போட்டிருக்கான்?"

எனக்குப் பதில் சொல்லத் தெரியாமல் இல்லை. சொல்ல நா எழவில்லை.

கடலூர் தெரியாதவர்களுக்கு இரண்டு வார்த்தை சொல்லிவிடுகிறேன். கெடிலத்துக்குத் தெற்கே திருப்பாதிரிப்புலியூர், வடக்கே மஞ்சக்குப்பம். ஜெயகாந்தன் பிறந்த இடம் என்றால் நம் வாசகிகள் சட்டென்று நிமிர்ந்து உட்காருவார்கள். பெரிய மைதானம், கோர்ட்டு, கச்சேரி, பள்ளிக்கூடங்கள் என்று சர்க்கார் வாசனை வீசுகிற பேட்டை. கிழக்கே கொஞ்ச தூரம் போனால் தேவனாம்பட்டினம் கடற்கரை. அண்ணா விளையாட்டரங்கம் இருப்பதும் மஞ்சக்குப்பத்தில்தான்.

இந்தக் கடலூர், கால்பந்தில் ஆண்களைவிடப் பெண்களுக்குப் பெயர் போன ஊர். 2004 டிசம்பர் 26-ந் தேதி கடல் பொங்கி வந்ததில் தமிழ்நாட்டில் மிகவும் அடிபட்ட ஜில்லாக்களில் கடலூர் ஒன்று. அதற்குப் பிந்திய வருஷங்களில், கஷ்டப்பட்ட வீடுகளிலிருந்து வந்த பெண் குழந்தைகள் இங்கே பந்தும் கையுமாக வளர்ந்தார்கள். இந்திரா காந்தி பெயரால் நடக்கும் கடலூர் விளையாட்டுக் கல்விக் கழகத்தின் பெண்கள் குழு 2018-ல் இந்தியப் பெண்கள் லீகின் கடைசிச் சுற்று வரைக்கும் போய் ஆடியது. இந்துமதி கதிரேசன் என்ற கடலூர்ப் பெண் இந்திய அணியிலேயே இடம் பிடித்தார். 2019-ல் தெற்காசியக் கோப்பையை ஜெயித்த அணியில் அவர் உண்டு. தமிழ்நாடு போலீஸில் சப்-இன்ஸ்பெக்டர். 2020-ல் ஊரடங்கு போட்டார்களே, தேசத்துப் பிள்ளைகள் எல்லாம் கதவைச் சாத்திக்கொண்டு பெட்டிக்குள் பந்து ஆடினார்களே, அப்போது இந்தியாவுக்கு ஆடிய இந்தப் பெண் காக்கிச் சட்டையும் முகக் கவசமுமாகச் சென்னைத் தெருவில் நின்று டியூட்டி பார்த்துக்கொண்டிருந்தார்.

இப்போது ஒரு கணக்குச் சொல்கிறேன், கேளுங்கள். 2018 பிப்ரவரியில் கட்டாக்கில் நடந்த தேசியப் பெண்கள் கால்பந்து இறுதி ஆட்டத்தில் தமிழ்நாடு மணிப்பூரை 2-1 என்று ஜெயித்தது. மணிப்பூர் என்றால் லேசுப்பட்ட அணி இல்லை, பெண்கள் கால்பந்தில் தலைமுறை தலைமுறையாகக் கோப்பையைக் கைக்குள் வைத்திருந்த ராஜ்யம். தமிழ்நாடு அந்தக் கோப்பையை எடுத்தது அதுதான் முதல் தடவை. சரியாக அடுத்த மாதம், மார்ச்சில், பெங்களூரில் சென்னையின் எஃப்.சி. ஆண்கள் சூப்பர் லீக் கோப்பையை 3-2 என்று எடுத்தார்கள். ஒரு மாத இடைவெளியில் இரண்டு கோப்பைகள்! இரண்டும் தமிழ்நாட்டுக்கு வந்தவை. மூன்று வருஷம் கழித்து ஒரு குழு பெட்டிக்குள் போயிற்று. இன்னொன்று போகவில்லை.

கம்பெனியைத் திட்டிப் பிரயோசனம் இல்லை. அவர்கள் வாங்குவது ஆட்டத்தை அல்ல, உரிமையை. லீக் நடத்துகிறவர்கள் பெயர், சட்டை, சின்னம் எல்லாவற்றையும் கட்டாகக் கட்டி விற்க வேண்டும். வாங்குகிறவர்களுக்கு அதில் வியாபாரம் தெரிய வேண்டும். உலகத்துப் பெண்களுக்கே பெட்டியின் கதவு மெள்ளத்தான் திறந்தது. 1993-ல் தொடங்கிய விளையாட்டில் 2015-ல் வந்த 'ஃபிஃபா 16'-ல்தான் முதல் முதலாகப் பெண்கள் அணிகளைச் சேர்த்தார்கள். அதுவும் 12 தேசங்கள். ஆசியாவின் பெயரால் ஆடுகிறவற்றில் சீனாவும் ஆஸ்திரேலியாவும் உண்டு, உலகக் கோப்பையையே ஜெயித்திருந்த ஜப்பான்கூட இல்லை! பெண்கள் லீகுகள் வந்தது 2022-ல். முதலில் இங்கிலாந்தும் பிரான்ஸும், அடுத்த வருஷம் ஜெர்மனி, ஸ்பெயின், அமெரிக்கா. மதுரையின் சேது எஃப்.சி. 2019-ல் இந்தியப் பெண்கள் லீகை ஜெயித்ததும், 2023-ல் அமிருதசரஸில் ஹரியானாவை 2-1 என்று தோற்கடித்துத் தமிழ்நாடு மறுபடி தேசியக் கோப்பை எடுத்ததும் அந்தப் பட்டியல்காரர்களின் காதில் விழுந்ததாகத் தெரியவில்லை.

பெட்டிக்குள் போன ஆண்களின் கதியைத்தான் பாருங்களேன். 'ஃபிஃபா' என்ற பெயரை உபயோகிக்கும் ஒப்பந்தம் முடிந்ததும், 2023 செப்டம்பரில் அந்தப் பெயரிட்ட பழைய விளையாட்டுகளை எல்லாம் இன்டர்நெட் கடைகளிலிருந்து எடுத்துவிட்டார்கள். நம் லீக் முதன் முதலில் ஏறிய 'ஃபிஃபா 22' அதில் ஒன்று. பழைய சிடி யாரிடமாவது இருந்தால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. கொரியாக்காரர் மைதானம் போன வழியில் பாதி தூரம் நம்முடையதும் போய்விட்டது.

அத்தை வீட்டில் அந்தப் பழைய சிடி இருக்கிறது. பேரன் பத்தாவது படித்து முடித்ததற்குப் பரிசாக அவன் தகப்பனார், அதாவது என் அத்தை மகன், சுமார் 50,000 ரூபாய் போட்டுப் பெட்டி வாங்கிக் கொடுத்தார். அதோடு சிநேகிதன் ஒருவன் கொடுத்தது அந்தச் சிடி. பேத்தி அவனுக்கு இரண்டு வயது இளையவள். தினம் விடியற்காலை ஐந்தரை மணிக்கு அண்ணா விளையாட்டரங்கத்துக்கு ஓடுகிறாள். நிஜமான பந்து, நிஜமான புழுதி. காலில் போட்டுக்கொள்வது அண்ணன் கழித்துப் போட்ட கான்வாஸ் ஜோடு. முன்னால் துணி அடைத்துக்கொள்வாளாம். பூட்ஸ் கேட்டதற்கு, "அடுத்த வருஷம் பத்தாவது வந்துட்டா விளையாட்டையே நிறுத்தணும், இப்ப எதுக்கு ரெண்டாயிரம்?" என்று பதில் வந்திருக்கிறது.

என் அத்தை மகன் கெட்டவர் அல்ல. பெண்ணின் மேல் உயிரையே வைத்திருக்கிறார். ஆனால் பிள்ளை ராத்திரி பன்னிரண்டு மணி வரைக்கும் பெட்டிக்குள் பந்து ஆடினால் அது பொழுதுபோக்கு. பெண் காலையில் இரண்டு மணி நேரம் வெளியே பந்து ஆடினால் அது படிப்புக்கு இடைஞ்சல். இந்தக் கணக்கு அவருக்கு மட்டுமா? நமக்குத் தெரிந்த எத்தனை வீட்டில் இதே கணக்கு நடக்கிறது!

நான் போயிருந்த அன்று சாயங்காலம் பிள்ளைகள் இரண்டு பேரும் பெட்டி முன்னால் உட்கார்ந்திருந்தார்கள். 'ஃபிஃபா 22'-ல் ஒரு வசதி. 'புரோ கிளப்ஸ்' என்ற பகுதியில் ஆட்டக்காரரை நாமே உண்டாக்கிக்கொள்ளலாம்; அந்த வருஷம்தான் அங்கே முதல் தடவையாகப் பெண் உருவத்தையும் அனுமதித்தார்கள். பேரன் தங்கைக்காக ஒன்று உண்டாக்கினான். உயரம் கேட்டது, சொன்னாள். பின்னல் வைத்தான். இடது காலா வலது காலா என்று கேட்டது. "இடது" என்றாள். பிறகு பூட்ஸ் எது வேண்டும் என்று கேட்டு வரிசையாகக் கொண்டுவந்து காட்டிற்று பாருங்கள்! சிவப்பு, வெள்ளை, பச்சை, பொன் நிறம்! ஒவ்வொன்றாகத் தள்ளித் தள்ளி அந்தப் பெண் பார்த்தாள். வெகு நேரம் பார்த்தாள். ஒன்றும் சொல்லவில்லை.

அத்தை வாசற்படியில் உட்கார்ந்து அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். கண் முறத்தில் இருந்தாலும் காது எங்கே இருந்தது என்று எனக்குத் தெரியும்.

"அது என்னாடி, கடை மாதிரி காட்டுது?"

"பூட்ஸு ஆயா."

"காசா?"

"இதுல காசு இல்ல. சும்மாவே போட்டுக்கலாம்."

"ஓகோ," என்றாள் அத்தை.

அவ்வளவுதான் நடந்தது. மறுநாள் நான் சென்னைக்குப் பஸ் ஏறிவிட்டேன். நாலு நாள் கழித்து அத்தை மகன் போனில் பேசினார். பேச்சு வாக்கில் குரலைத் தாழ்த்திக்கொண்டு, "அம்மா அஞ்சறைப் பெட்டியிலேர்ந்து பணம் எடுத்து அவளுக்கு பூட்ஸ் வாங்கிக் கொடுத்துட்டாங்க. என்னை ஒரு வார்த்தை கேக்கல," என்றார். குறையாகத்தான் சொன்னார். ஆனால் கடைக்கு ஸ்கூட்டரில் அழைத்துப் போனவர் யார் என்று நான் கேட்டதற்குப் பதில் இல்லை.

திருப்பாதிரிப்புலியூரில் வாங்கினார்களாம். ஐந்தாம் நம்பர், கறுப்பு நிறம். "அரை நம்பர் பெரிசா வாங்கியிருக்கலாம், கால் வளரும்" என்பது பேரனுடைய அபிப்பிராயம்.